ஜன்னலுக்கு அரைச் சம்பளம்

இந்த மாதம் அரைச் சம்பளமும் வரவில்லை. காரணம், ஒரு சட்டைப் பொத்தான்.

குமாஸ்தா சஸ்பென்ஷனில் இருந்தார். விசாரணை முடியும்வரை பாதிச் சம்பளம்தான். அதற்கும் மாதாமாதம், 'நான் வேறு எந்த வேலையும் செய்யவில்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். வேலை செய்யாமல் இருப்பது அவருக்குக் கைவந்த கலை. ஆனால் வீட்டில் தையல் மிஷின் மிதித்து வாடகைக்கு வழி பார்க்கும் மனைவி விடவில்லை.

"ஏங்க, சும்மாதானே இருக்கீங்க. இந்தப் பொத்தானத் தைச்சுக் குடுங்க."

வாசலில் உட்கார்ந்து தைத்தார். சம்பளப் பிரிவு எழுத்தர் பார்த்துவிட்டார். பார்க்காமல் என்ன செய்வார்? சட்டையே அவருடையது.

"சார், இது வேலை இல்ல, குடும்பம்."

"எனக்குப் புரியுது. ரூல்ஸுக்குப் புரியணுமே" என்று சட்டையை வாங்கிக்கொண்டு போய்ச் சம்பளத்தை நிறுத்திவைத்தார்.

குமாஸ்தா செய்த குற்றம் பெரிதில்லை. மேலதிகாரி அவசரமாக ஒரு ஃபைல் கேட்டார். ஜன்னலோர நாற்காலியில் இருந்தவர் தலையைத் திருப்பாமல், "இருங்க சார், அந்த மேகம் தண்ணித் தொட்டியத் தாண்டட்டும்" என்று சொல்லிவிட்டார். மேகம் தாண்டியது. சாயங்காலமே ஆர்டரும் வந்தது.

"பாதிக்குக் கெஞ்சி என்ன ஆகப்போகுது? முழுச் சம்பளத்தையே கேளுங்க" என்றாள் மனைவி. "ஜன்னல்ல என்னதான் பாத்தீங்கன்னு விவரமா எழுதுங்க. தப்பா ஒண்ணும் பாக்கலன்னு தெரிஞ்சா விட்டுடுவாங்க."

எழுத உட்கார்ந்தார். எதிர் மாடிக் கொடியில் காற்றுக்கு முதலில் எழும்பும் போர்வை. தொட்டி விளிம்பில் ஒன்றுக்கொன்று இடம்விட்டு உட்காரும் புறாக்கள். மத்தியானத்தில் தெருவே சத்தமில்லாமல் நின்றுபோகும் ஒரு கணம். மேகம் தொட்டிக்குப் பின்னால் போகும்போது, தொட்டிதான் நகர்கிறது என்று தோன்றும். அதோடு நாற்காலியும் மேஜையும் ஃபைல்களும் மெல்ல மிதக்கத் தொடங்கும். சம்பளத்தைவிட அந்த நாற்காலிக்குத்தான் அவர் ஏங்கினார். அதை மனைவியிடம் சொல்லும் தைரியம் இல்லை.

பதில் வந்தது. இவ்வளவு நுணுக்கமாகத் தெரிகிறதென்றால் இது ஒருநாள் பார்த்ததல்ல, வருஷக்கணக்காகப் பார்த்தது. ஆகவே கூடுதலாக ஒரு குற்றச்சாட்டு. சம்பளக் கோரிக்கை விசாரணை முடிந்தபின் பரிசீலிக்கப்படும்.

"நல்லா எழுதித் தொலைச்சிருக்கீங்க" என்று மனைவி தலையில் அடித்துக்கொண்டாள். பிறகு விளக்கத்தின் நகலைப் படித்தவள், வெகுநேரம் மிஷினை மிதிக்கவில்லை.

"அந்தப் போர்வை என்ன கலருங்க?"

இனி ஒரே வழிதான். விசாரணை அதிகாரியே நேரில் வந்து அந்த நாற்காலியில் உட்கார்ந்து பார்க்கட்டும் என்று குமாஸ்தா மனுப் போட்டார். அதிகாரிக்கு ஆபீஸில் அடிஸ்கேல் என்று பெயர். சிரிப்பதானாலும் கடிகாரம் பார்த்துவிட்டுச் சிரிப்பவர்.

"வரேன், உக்காந்து பாக்கறேன். அன்னிக்கே அறிக்கை எழுதிடுவேன். அங்க விசேஷமா ஒண்ணும் இல்லன்னா டிஸ்மிஸ்தான்" என்று அவர் சொல்லியனுப்பினார்.

மனைவி ஊசியில் நூல் கோப்பதைப் பாதியில் விட்டாள். "வேலையே போயிட்டா, எந்தச் சம்பளத்தக் கேப்பீங்க?"

குமாஸ்தாவுக்கும் பயமாகத்தான் இருந்தது. அந்த ஜன்னல் மற்றவர்களுக்கு வெறும் ஜன்னலாக இருந்துவிட்டால்?

நாட்கள் போயின. டிஸ்மிஸும் வரவில்லை, சம்பளமும் வரவில்லை. வீட்டுக்காரர் மட்டும் தவறாமல் வந்தார். பொறுக்க முடியாமல் ஒரு மத்தியானம் குமாஸ்தா ஆபீஸ் வாசலில் போய் நின்றார். சஸ்பென்ஷனில் இருப்பவர் உள்ளே போகக்கூடாது. டீ குடிக்க வெளியே வந்த அட்டெண்டரைப் பிடித்தார்.

"அடிஸ்கேல் வந்தாரா?"

"அன்னிக்கே வந்துட்டார் சார்."

"என் நாற்காலில உக்காந்தாரா?"

"உக்காந்தார்."

"அப்ப அறிக்கை?"

அட்டெண்டர் மாடி ஜன்னலை நிமிர்ந்து பார்த்தார்.

"தினமும் வந்து அங்கேயேதான் உக்காந்துக்கறார் சார். அறிக்கை எங்கன்னு கேட்டா, 'இருப்பா, அந்த மேகம் தண்ணித் தொட்டியத் தாண்டட்டும்'ங்கறார்."