நூறு கஜத்துக்கு அந்தப் பக்கம்

ராமநாதபுரம் ஜில்லாவில் செலவான காகிதத்தில் பாதி பெட்டிசன் முதலாளி எழுதித் தீர்த்ததுதான் என்று சத்தியம் செய்ய நான் தயார். ஐம்பதுகளில் மாரியூர்ப் பக்கம் அவருடைய உப்பளத்தில் நான் குமாஸ்தா. பெயர்தான் குமாஸ்தா, வேலையெல்லாம் அவர் சொல்லச் சொல்ல மனு எழுதுவது.

பக்கத்து வீட்டுச் சேவல் நேரங்கெட்ட நேரத்தில் கூவுகிறதென்று தாசில்தாருக்கு ஒன்று. சாயல்குடி பஸ் தன்னைப் பார்த்தும் நிற்கவில்லை என்று கலெக்டருக்கு ஒன்று. மைத்துனன் கல்யாணப் பந்தியில் தன் இலைக்கு மட்டும் அப்பளம் வரவில்லை என்று போலீசுக்கே எழுதச் சொன்னார். காலில் விழாத குறையாகத் தடுத்தேன்.

அப்பேர்ப்பட்டவர் அளத்தில் ஸ்டிரைக் வந்தால் விடுவாரா? அளத்து ஆட்கள் கேட்டதும் பெரிதாக ஒன்றுமில்லை. வெயிலில் உப்பு வாருகிறவர்கள் குடிக்கத் தினம் இரண்டு வண்டி நல்ல தண்ணீர். ஒரு வண்டி போதும் என்று இவர் ஒரே பிடிவாதம். குவித்த உப்பு அம்பாரத்தை ஓலை போட்டு மூடாமலே எல்லோரும் வெளியேறிவிட்டார்கள். வெளியூர் ஆளும் வர மறுத்துவிட்டது. ஐப்பசி வேறு பிறந்துவிட்டது. ஒரு மழை போதும், வருஷம் பூராவும் பட்ட பாடு கடலுக்கே திரும்பிவிடும்.

இவரோ உப்பைச் சூறையாடிவிடுவார்கள் என்று பாதுகாப்புக் கேட்டு ராமநாதபுரம் கோர்ட்டுக்கு ஓடினார். ஜெயித்தும் வந்தார். ஒரு ஏட்டு, நாலு போலீஸ். ஸ்டிரைக் செய்கிறவர் யாரும் அம்பாரத்துக்கு நூறு கஜத்துக்குள் வரக்கூடாது. அந்த நூறு கஜமும் இவரே வற்புறுத்திக் கேட்டு வாங்கியதுதான்.

"ஏலே, பாத்தியா! சட்டம்னா இதுதான்!" என்று ஆர்டரை என் மூக்குக்கு நேரே ஆட்டினார்.

மூன்றாம் நாள் மத்தியானம் கிழக்கே கருகருவென்று இருட்டியது. முதலாளிக்கு முகம் வெளுத்துவிட்டது. பார்த்தால், ஸ்டிரைக்கை நடத்திய காளியம்மா முன்னால் வர, பின்னால் நாற்பது பேர் தலையில் பனை ஓலையோடு ஓடி வருகிறார்கள்! ஏட்டு லத்தியைக் குறுக்கே நீட்டினார்.

"நில்லுங்க! கோர்ட்டு ஆர்டரு."

"மழை வருது ஏட்டையா! நாங்க வாரின உப்பு கரைஞ்சு போகும்!" என்று காளியம்மா கத்தினாள்.

"அவுகள விடுங்க ஏட்டையா!" என்று முதலாளியும் அலறினார்.

"அதெப்படி? ஸ்டிரைக் பண்றவுகள விடக்கூடாதுன்னுல்ல போட்டிருக்கு. மாத்தணும்னா கோர்ட்டுல மனுக் கொடுங்க."

மனு என்ற சொல்லைக் கேட்டு முதலாளி தலையில் அடித்துக்கொண்டது அன்றுதான். அந்தத் தலையிலேயே முதல் துளியும் விழுந்தது.

"ஏத்தா காளியம்மா! ரெண்டு வண்டியும் தாரேன், ஸ்டிரைக்க முடிச்சுக்கத்தா!"

அவள் ஓலையை இறக்காமலே யோசித்தாள். "மூணு."

"அடிப்பாவி! சரி, மூணு!"

"ஸ்டிரைக் முடிஞ்சிருச்சு ஏட்டையா, வழிய விடுங்க."

ஏட்டு லத்தியை எடுத்தார். அப்புறம் அவரும் சட்டையைக் கழற்றிவிட்டு ஓலை தூக்கினார். முதலாளி வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு காளியம்மா ஏவிய பக்கமெல்லாம் ஓடினார். மழை கொட்டோ கொட்டென்று கொட்டியபோது அம்பாரம் முழுக்க மூடியாகிவிட்டது.

மறுநாள் தும்மிக்கொண்டே கோர்ட்டுக்கு ஒரு மனு எழுதச் சொன்னார்: "போலீசைத் திருப்பி அழைத்துக்கொள்ளவும். என் உப்பை என் ஜனங்களே பார்த்துக்கொள்வார்கள்."

எழுதும்போது எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அந்த மனுஷனுக்காக இன்னும் ஆயிரம் மனு வேண்டுமானாலும் எழுதியிருப்பேன்.