கம்பலை என்னும் சொல் உயிர் பிழைத்த வரலாறு

மனித குலம் இதுவரை ஏற்படுத்திய நிறுவனங்களில் தலைசிறந்தது அகராதித் துறைதான். இதில் இரண்டாவது கருத்துக்கு இடமில்லை. மருத்துவமனை மனிதர்களை மட்டுமே காப்பாற்றுகிறது, அதுவும் சில நாட்களில்தான். அகராதித் துறையோ சொற்களைக் காப்பாற்றுகிறது. ஒரு மனிதர் போனால் இன்னொருவர் பிறந்துவிடுவார். ஒரு சொல் போய்விட்டால், அதை ஆராய்வதற்கென்றே அமைக்கப்பட்ட குழு எங்கே போகும்? யாராவது யோசித்திருக்கிறோமா?

அந்தத் துறையின் இரண்டாம் மாடியில், படிக்கட்டை ஒட்டிய கடைசி அறையில் 'ஒலிச்சொற்கள் பிரிவு' இயங்கி வந்தது. கதறல், முழக்கம், முணுமுணுப்பு என்று உலகத்துச் சத்தம் அத்தனையும் அங்கே அட்டைகளில் எழுதப்பட்டு, மரப்பெட்டிகளுக்குள் வாயை மூடிக்கொண்டு கிடந்தது. கட்டடத்திலேயே மிக அமைதியான அறை அதுதான். நாற்காலிக் கால்களுக்குத் துணி சுற்றியிருந்தார்கள். தும்மல் வந்தால் தாழ்வாரத்துக்குப் போய்த் தும்மிவிட்டு, நேரத்தைப் பதிவேட்டில் குறித்த பிறகே உள்ளே வரலாம். அவசரத் தும்மலுக்கு மறுநாள் விளக்கம் எழுதித் தர வேண்டும்.

பிரிவின் ஒரே ஊழியரை எல்லோரும் அட்டைக்காரர் என்றுதான் அழைத்தார்கள். பெற்றோர் வைத்த பெயர் ஒன்று இருக்கத்தான் செய்தது. பதினெட்டு ஆண்டுகள் அட்டை எழுதியதில் அது வழக்கொழிந்துவிட்டது.

இரண்டு ஆண்டுகளாக அவர் பொறுப்பில் இருந்த சொல் 'கம்பலை'. பழைய ஏடுகளைப் புரட்டினால் கம்பலைக்கு ஆரவாரம் என்று ஒரு பொருள் கிடைக்கும். இன்னும் கொஞ்சம் புரட்டினால் அச்சம், நடுக்கம், துன்பம் என்று வரிசையாக வரும். அதற்கு மேலும் புரட்டுகிற பொறுமைசாலிக்கு யாழோசை என்றும் வயல் நிலம் என்றும் கிடைக்கும். ஒரே சொல் எப்படிக் கூச்சலாகவும் வயலாகவும் இருக்க முடியும்? இதைக் கண்டுபிடிக்கப் பொருளுக்கு ஓர் அறிஞர் வீதம் ஆறு அறிஞர்களைத் துறை நியமித்திருந்தது. ஆளுக்கொரு பொருள் கிடைத்ததும் அவரவர் அதைச் சொந்தப் பிள்ளை போல வளர்க்கத் தொடங்கினார்கள். அடுத்த வீட்டுப் பிள்ளையைக் கண்டால் அவர்களுக்கு ஆகவில்லை.

இப்படி எல்லாம் நல்லபடியாகப் போய்க்கொண்டிருக்கையில், மேலிடத்திலிருந்து ஒரு சுற்றறிக்கை வந்தது. கம்பலை உயிரோடு இருக்கிறதா, செத்துவிட்டதா என்று முப்பதாம் தேதிக்குள் முடிவு சொல்ல வேண்டும். உயிரோடிருப்பதை நிரூபிக்கப் பதினான்காம் விதி இருந்தது: யாராவது ஒருவர், யாரும் சொல்லிக்கொடுக்காமல், தன் வாயால் அந்தச் சொல்லைச் சொல்லி, அதைத் துறையினர் காதால் கேட்க வேண்டும். கேட்காவிட்டால் 'வழக்கொழிந்தது' என்று முத்திரை குத்திப் பிரிவை மூடிவிடுவார்கள். அட்டைக்காரரைக் கிளை அலுவலகத்துக்கு மாற்றிவிடுவார்கள்.

கிளை அலுவலகம் இருந்த ஊரில்தான் மனைவியின் அண்ணன் இருந்தார்.

"மாத்தல் வந்தா நல்லதுதானே," என்றார் மனைவி. "அண்ணன் வீட்டு மாடி காலியாத்தான் கிடக்கு. அண்ணன் நேத்துகூட போன்ல கேட்டாரு, மாப்பிள்ளைக்கு நடைப்பயிற்சி உண்டான்னு."

மச்சான் விடியற்காலையில் நடப்பவர். நடக்கும்போது அறிவுரை சொல்பவர். நடக்காதபோதும் சொல்பவர்தான். அட்டைக்காரர் தாமதிக்கவில்லை. மறுநாளே கம்பலையைத் தேடி வெளியே கிளம்பிவிட்டார்.

இதில் ஒரு நுட்பமான சிக்கல் இருந்தது. களப்பணியாளர் அந்தச் சொல்லைத் தன் வாயால் உச்சரிக்கக் கூடாது. உச்சரித்தால் 'சொல்லிக்கொடுத்தல்' ஆகிவிடும். ஆகவே அவர் ஆராய்ச்சி உலகமே அசந்து போகும் ஒரு முறையைக் கையாண்டார். சத்தத்தைத் தானே உண்டாக்கிவிட்டு, அதை மக்கள் என்ன சொல்லித் திட்டுகிறார்கள் என்று குறித்துக்கொள்வது. ஓர் எவர்சில்வர் தட்டும் கரண்டியுமாகப் பேருந்து நிறுத்தத்தில் போய் நின்று தட்டினார்.

"ஏன்யா காலங்காத்தால ரகளை பண்றே?" என்றது ஒரு குரல். ரகளை என்று குறித்துக்கொண்டார். கூச்சல், கலாட்டா, அமளி, கூப்பாடு எல்லாம் அன்று மாலைக்குள் சேர்ந்தன. முடிதிருத்தும் நிலையத்தில் நாற்காலியில் உட்கார்ந்தபடியே தட்டினார். "சார், ஆடாம இருங்க, காது போயிடும்," என்றார் முடி திருத்துபவர். காது என்று அவர் குறிப்பிட்டது சத்தத்தால் போகும் காதையா, கத்தரியால் போகும் காதையா என்று அட்டைக்காரர் அடிக்குறிப்பில் ஐயம் எழுப்பினார். அஞ்சல் அலுவலகத்தில் காவலாளி எதுவும் சொல்லவில்லை. கையைப் பிடித்து வெளியே கொண்டுவந்து விட்டார். அது சொல் அல்ல என்பதால் பதிவாகவில்லை.

வீட்டிலும் முயன்றார்.

"என்னங்க இது, தட்டை ஏன் போட்டு நசுக்குறீங்க?"

"ஆபீஸ் வேலை. இப்ப நான் போட்ட சத்தத்துக்கு உனக்கு என்ன வார்த்தை தோணுது? யோசிக்காம சொல்லு."

மனைவி யோசிக்காமல் சொன்னார். அது அகராதியில் ஏற்கெனவே இருந்தது, 'இழிவழக்கு' என்ற குறிப்போடு.

இப்படியே மூன்று வாரம் போயிற்று. தட்டு ஓட்டையாயிற்று, கம்பலை கிடைக்கவில்லை. இருபத்தெட்டாம் தேதி தலைமைப் பதிப்பாசிரியர் இறுதிக் கூட்டத்தைக் கூட்டினார். முத்திரையைக் குத்துவதற்கு முன், எந்தப் பொருள் முதலில் பிறந்தது என்பதையாவது முடிவு செய்துவிட வேண்டும் என்றார். செத்தவருக்கு வயது எழுத வேண்டுமல்லவா?

"ஆரவாரம்தான் மூத்தது," என்று ஆரம்பித்தார் ஆரவார அறிஞர். "முதல்ல சத்தம் கேக்கும். அப்புறம்தான் பயம், நடுக்கம் எல்லாம். நீங்க எல்லாரும் எனக்குப் பின்னால பொறந்தவங்க."

"நடுங்கினா பல்லு கடகடன்னு அடிச்சுக்கும். அந்தச் சத்தம்தான் ஆரவாரம்," என்றார் நடுக்க அறிஞர். "முறைப்படி பார்த்தா நீங்க எனக்குப் பேரன்."

"பல்லே இல்லாதவங்க நடுங்கினா?" என்றார் ஆரவார அறிஞர்.

இது வேண்டுமென்றே விட்ட அம்பு. நடுக்க அறிஞரின் மேல்வரிசைப் பற்கள் கட்டியவை. அவர் எழுந்தார். வயல் அறிஞரும் எழுந்தார். "வயல்ல தவளை கத்தும். தவளை மனுஷனுக்கு முன்னாடியே வந்தாச்சு. பேச்சே கிடையாது, எல்லாரும் உட்காருங்க!" யாரும் உட்காரவில்லை. "யாழோசை எவ்வளவு மென்மையானது தெரியுமாய்யா!" என்று யாழ் அறிஞர் அலறியபடி மேசையில் குத்தியதில் தண்ணீர்க் குவளைகள் நான்கு உருண்டு உடைந்தன.

அப்போது கதவு திறந்தது. ஒரு கையில் துடைப்பம், மறு கையில் வாளி. கட்டடத்தைப் பெருக்கித் துடைக்கும் வாளியம்மா நின்றார்.

"ஐயையோ, என்னங்க இது! இந்தக் கம்பலையில நான் எப்படிங்க என் வேலையைப் பார்க்கிறது?"

அறை அப்படியே உறைந்தது.

"யாரும் அசையாதீங்க," என்று கிசுகிசுத்தார் தலைமைப் பதிப்பாசிரியர்.

வாளியம்மா மிரண்டுபோனார். "மன்னிச்சுக்குங்கய்யா. தெரியாம சொல்லிட்டேன்."

"தெரியாமதானே சொன்னீங்க? ரொம்ப நல்லது! 'முன்னேற்பாடு இன்றி'ன்னு எழுதிக்கோங்க."

அட்டைக்காரர் எழுதினார். மூன்று வாரம் ஊரெல்லாம் தட்டோடு அலைந்தவர் அவர். பதினொரு ஆண்டுகளாகத் தினமும் காலை ஒன்பது மணிக்கு அவர் நாற்காலியில் காலைத் தூக்கிக்கொள்வார். வாளியம்மா அடியில் துடைத்துவிட்டுப் போவார். அந்தப் பதினொரு ஆண்டுகளில் வாளியம்மாவிடம் யாரும் எதுவும் கேட்டதில்லை. ஆகவே அவரும் எதுவும் சொன்னதில்லை.

"இந்தச் சொல்லை எங்க கத்துக்கிட்டீங்கம்மா?" என்றார் தலைமைப் பதிப்பாசிரியர்.

"கத்துக்கிறதுக்கு என்னங்க இருக்கு? அஞ்சு பிள்ளைங்க இருந்த வீடுங்க. சொல்லாம எப்படி?"

"என்ன பொருள்ல சொன்னீங்க? நல்லா யோசிங்க," என்றார் நடுக்க அறிஞர் ஆவலோடு.

"பொருளாங்க? நீங்க போட்ட சத்தம் கீழ வரைக்கும் கேட்டுச்சு. அடிதடியோன்னு பயந்துட்டேன். பாருங்க, கை இன்னும் நடுங்குது. ஓடி வந்தா, தண்ணியைக் கொட்டி, கண்ணாடியை உடைச்சு வெச்சிருக்கீங்க. அந்தக் கஷ்டமும் எனக்குத்தான். எல்லாத்தையும் சேர்த்துத்தாங்க சொன்னேன்."

சத்தம், அச்சம், நடுக்கம், துன்பம். ஆறு அறிஞர்கள் இரண்டு ஆண்டுகளாகத் தேடிய வரலாறு ஒரே மூச்சில் வரிசையாக வந்து விழுந்தது. நடவடிக்கைக் குறிப்பில் இது 'தகவலாளி தலைப்பை விட்டு விலகிப் பேசினார்' என்று பதிவாகியுள்ளது.

"யாழ்?" என்றார் யாழ் அறிஞர் நப்பாசையோடு.

"அது என்னங்கய்யா?"

"வயல்?"

"நான் மூணாவது மாடியில பொறந்தவங்க."

இரண்டு அறிஞர்கள் தலையைத் தொங்கப்போட்டார்கள். அட்டைக்காரருக்கோ தலைகால் புரியவில்லை. சொல் பிழைத்தது, பிரிவு பிழைத்தது, மச்சானின் நடைப்பயிற்சி அவரில்லாமலே நடக்கும். அன்று வீட்டுக்குப் போகும் வழியில் மனைவிக்குப் புதுத் தட்டு ஒன்று வாங்கிப் போனார்.

மறுநாள் காலை தலைமைப் பதிப்பாசிரியர் கூப்பிட்டார். மேசையில் விதிப் புத்தகம் விரிந்திருந்தது.

"பதினான்காம் விதி, மூணாம் உட்பிரிவு. படிச்சீங்களா?"

"இல்லைங்க சார்."

"நானும் இப்பத்தான் படிச்சேன். துறையோட ஊழியர் சொன்னா அது வழக்குல சேராது. அந்தம்மா நம்ம ஊழியர்."

"அவங்க பெருக்குறவங்கதானே சார்? அகராதிக்கும் அவங்களுக்கும் என்ன சம்பந்தம்?"

"அகராதி மேல தூசு தட்டுறாங்களே?"

"விதியை மாத்திடலாமா சார்?"

"அதுக்குக் குழு போடணும். குழு போட மூணு வருஷம். நாளைக்கு முப்பது." தலைமைப் பதிப்பாசிரியர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஒரே வழிதான் இருக்கு. சொல்லும்போது அந்தம்மா நம்ம ஊழியரா இருந்திருக்கக் கூடாது."

"ஆனா இருந்தாங்களே சார்."

"நேத்து பார்த்தப்ப இருந்தாங்க. இன்னிக்கு எழுதுற ஆணைப்படி நேத்து காலையிலேருந்து இல்லை."

"அகராதி அச்சானதும் திரும்பச் சேர்த்துக்கலாமா?"

"சேர்த்தா சான்று செல்லாமப் போயிடும். ஒரு சொல்லோட உயிர் சம்பந்தப்பட்ட விஷயம்யா இது! உங்களுக்கு மனசாட்சி இல்லையா?"

மனசாட்சி இருந்தது, அதனால்தான் தொந்தரவு. துறையிலேயே அழகான கையெழுத்து அவருடையது என்பதால் பணிநீக்க ஆணையையும் அவரே எழுதினார். எழுதும்போது உள்ளே குத்தியது. பொய் சொல்வானேன், நன்றாகவே குத்தியது. மச்சான் வீட்டு மாடியை ஒரு தரம் நினைத்துப் பார்த்தார். குத்தல் மட்டுப்பட்டது. சாட்சிக் கையெழுத்தையும் போட்டார்.

கீழே, மாடிப்படிக்கு அடியில் வாளியம்மா ஆணையை இரண்டு முறை படித்தார்.

"நான் என்ன தப்பு சார் பண்ணினேன்?"

"தப்பே இல்லைம்மா. நீங்க செஞ்சது பெரிய சேவை. அகராதியிலேயே வரப் போறீங்க."

"என் பேரு வருமா?"

"பேரு வராது. வயசு வரும்."

"பதினோரு வருஷம் வாயே திறக்கல சார். ஒரு நாள் திறந்தேன்."

இதற்குப் பதிலாக ஒரு சொல்லும் அட்டைக்காரருக்குக் கிடைக்கவில்லை. அவர் மரப்பெட்டிகளில் பதினோராயிரம் சொற்கள் இருந்தன. கடைசியில், "வாளியை வெச்சுட்டுப் போகணும்மா. அது துறையோடது," என்றார்.

முப்பதாம் தேதி கம்பலை உயிரோடிருப்பதாக முறைப்படி அறிவிக்கப்பட்டது. பாராட்டு விழா சிறப்பாக நடந்தது. அமைதி விதியை மனதில் கொண்டு யாரும் கைதட்டவில்லை. கைகளை உயர்த்தி அசைத்தார்கள். உடைந்த குவளைக் கண்ணாடி கூட்ட அறையின் மூலையில் அப்படியே கிடந்ததால் அறிஞர்கள் அந்தப் பக்கம் போகாமல் நடந்தார்கள். யாழ் அறிஞர் மட்டும் உணர்ச்சிவசப்பட்டு அந்தப் பக்கம் போய்க் காலில் நான்கு தையல் போட்டுக்கொண்டார்.

இரண்டு மாதம் கழித்து அச்சகத்திலிருந்து மெய்ப்பு வந்தது. அட்டைக்காரர் பிரித்துப் பார்த்தார்.

'கம்பலை, பெயர்ச்சொல். ஆரவாரம், கூச்சல். இன்றும் வழக்கில் உள்ளது. எடுத்துக்காட்டு: "இந்தக் கம்பலையில நான் எப்படிங்க என் வேலையைப் பார்க்கிறது?" தகவலாளி: பெண், வயது ஐம்பத்து நான்கு, வேலை இல்லை.'

மெய்ப்புத் திருத்துபவர் மிகக் கூர்மையானவர். ஓரத்தில் சிவப்பு மையில் கேட்டிருந்தார்: 'வேலை இல்லாதவர் "என் வேலை" என்று எப்படிச் சொல்ல முடியும்? அச்சுப்பிழையா?'

அட்டைக்காரர் தன் அழகான கையெழுத்தில் பதில் எழுதினார்: 'பிழைதான். ஆனால் அச்சுப்பிழை அல்ல.'

மெய்ப்புத் திருத்துபவர் இரண்டாவது வாக்கியத்துக்கு நேராக ஒரு சரிக்குறி போட்டு அச்சுக்கு அனுப்பினார். முதல் வாக்கியத்தில் சொன்ன பிழை அவருடைய பிழைப் பட்டியலில் எந்தப் பிரிவின் கீழும் வரவில்லை.