வாதி ஸ்கூட்டரில் பிரதிவாதி

"கால் வலி தம்பி. இன்னிக்குக் கோர்ட்டுக்கு வரமுடியாது போலிருக்கு" என்றார் கம்பவுண்டர், கதவைப் பாதி திறந்து.

அழைக்க வந்த பஸ் டிரைவர் வாசலைவிட்டு நகரவில்லை. ஓய்வுபெற்ற இந்தக் கம்பவுண்டர் தம் வீட்டை அவருக்கு விற்பதாக ஒப்பந்தம் எழுதி, அட்வான்ஸும் வாங்கிக்கொண்டு, பத்திரத்தில் கையெழுத்து மட்டும் போடமாட்டேன் என்று அடம்பிடித்தார். எழுதியபடி கிரயம் செய்துகொடுக்கச் சொல்லுங்கள் என்று டிரைவர் கோர்ட்டுக்குப் போனார். போய் என்ன? பெரியவர் வராத நாளெல்லாம் ஜட்ஜ் இரக்கப்பட்டு வாய்தா கொடுத்துக்கொண்டே இருந்தார்.

"ஏறுங்க பெரியவரே, நானே கூட்டிட்டுப் போறேன்."

இப்படித்தான் வாதியின் ஸ்கூட்டரில் பிரதிவாதி ஏறினார். அடுத்த வாய்தாவிலிருந்து அழைக்கவே வேண்டியதில்லை. தலை வாரி, சலவைச் சட்டை மாட்டி, வாசலில் தயாராக நிற்பார். கால் வலி போன இடம் தெரியவில்லை.

டிரைவருக்கு வீடு வேண்டியது மனைவிக்காக. வாடகை வீட்டுக்காரம்மா சுவரில் ஓர் ஆணி அடிக்க விடமாட்டாள். மனைவியைப் பெற்றவர்கள் அவள் சின்னப் பெண்ணாக இருந்தபோதே போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அவர்கள் படம் பெட்டிக்குள் சேலைகளுக்கு நடுவில் கிடந்தது. "சொந்தச் சுவர்ல ஒரு ஆணி அடிச்சா போதுங்க" என்று கல்யாணமான புதிதில் சொன்னாள். அப்புறம் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. எடுக்காததுதான் டிரைவரை அரித்தது.

ஒரு வாய்தாவில் கேஸைக் கூப்பிடவே மதியம் தாண்டிவிட்டது. பசியில் கம்பவுண்டருக்குத் தலை சுற்ற, மறுபடி வாய்தா.

"வயசானவரைப் பட்டினி போட்டா சுத்தாதா?" என்று மனைவி டிரைவரைத்தான் திட்டினாள். மறுமுறை கேரியரில் இரண்டு பேருக்குச் சாப்பாடு போனது. வாதியும் பிரதிவாதியும் கோர்ட் மரத்தடியில் ஒரே கேரியரைப் பிரித்ததைப் பார்த்து டிரைவரின் வக்கீல் ஓடிவந்தார்.

"யோவ், நீ கேஸ் போட்டவன்யா! ஜட்ஜ் பார்த்தா ராசியாயிட்டாங்கன்னு கேஸ் கட்டை மூடிடுவார்!"

"சாப்பிடற மனுஷரை எப்படி சார் எழுப்பறது?"

"வக்கீல் சார், நீங்களும் ஒரு வாய் சாப்பிட்டுப் பாருங்க. இந்தக் கைப்பக்குவத்துக்காகவே கேஸ் நடத்தலாம்" என்றார் கம்பவுண்டர்.

வக்கீல் கடிகாரத்தைப் பார்த்தார், கேரியரைப் பார்த்தார், உட்கார்ந்துவிட்டார்.

பிறகு மழை வந்தது. கம்பவுண்டர் வீட்டுக் கூரை ஒழுகியது. நாளைக்கு நம்முடையதாகப் போகிற வீடாயிற்றே என்று டிரைவர் லீவு போட்டுவிட்டு ஏறினார். மனைவி ஏணியைப் பிடித்தாள். பிடித்த கையோடு உள்ளே போய் அடுப்படியை ஒழித்து, கழுவி, பெரியவரின் மாத்திரைகளை வேளைவாரியாகப் பிரித்தும் வைத்தாள். ஊருக்கே மருந்து கலந்து கொடுத்தவருக்கு!

கம்பவுண்டர் முற்றத்தில் நின்று அண்ணாந்து பார்த்தார்.

"தம்பி, இப்ப வீடு ஜம்முனு இருக்கு. இதைப் போய் யாராவது விப்பாங்களா?"

டிரைவருக்கு அங்கேயே தலையில் அடித்துக்கொள்ளத் தோன்றியது. விழுந்துவிடுவோம் என்பதால் அடித்துக்கொள்ளவில்லை.

கடைசியில் ஜட்ஜுக்கே பொறுமை போய்விட்டது. "ஏன்யா கையெழுத்துப் போடமாட்டேங்கறீங்க?"

"மகளைக் கேக்கணும் ஐயா. அவ சரின்னா அந்த நிமிஷமே போடறேன்."

மகளா! டிரைவருக்குத் தூக்கிவாரிப்போட்டது. ஜட்ஜ், மகளைக் கேட்டுவர ஆளனுப்பச் சொல்லி விலாசம் கேட்டார். கம்பவுண்டர் குமாஸ்தாவிடம் போய் ஏதோ முணுமுணுத்துவிட்டு வந்தார்.

திரும்பும்போது டிரைவர் ஸ்கூட்டரை மெதுவாக ஓட்டினார்.

"மகள் எப்படிப்பட்டவங்க?" என்று டிரைவரே கேட்டார்.

"தங்கமான பொண்ணு தம்பி. கேட்டா மாட்டேன்னு சொல்ல மாட்டா. அதனாலதான் கேக்கவே கூச்சமா இருக்கு."

வீட்டுக்கு வந்த டிரைவர் அப்படியே தரையில் உட்கார்ந்தார். "போச்சு. மகள் வந்து வீடு எனக்குன்னு நிக்கப்போறா. உன் ஆணி அவ்வளவுதான்."

மனைவியின் முகம் சுருங்கிப்போயிற்று. ஆனாலும், "வரட்டும். அவருக்கும் ஒருத்தி இருக்காளே, அது போதும்" என்றாள். "நான்தான் பைத்தியக்காரி. நாம அங்க போனதும் அவர் எங்க போவார், முன்னறையிலேயே நம்மகூட இருக்கட்டும்னு நெனச்சு வெச்சிருந்தேன். பெத்த மக இருக்கறப்ப நான் யாரு?"

"பெத்த மகள்தான். ஆனா அந்த வீட்ல ஒரு போட்டோகூட பார்க்கலையே" என்றார் டிரைவர். இரண்டு பேருக்கும் அன்று சாப்பாடு இறங்கவில்லை.

மறுநாள் காலை ஜட்ஜ் அனுப்பிய கோர்ட் அமீனா வாசலில் சைக்கிளை நிறுத்தினார்.

"கம்பவுண்டர் மகளைப் பார்க்கணும்."

"இது வாதி வீடு சார். விலாசம் தப்பு" என்றார் டிரைவர்.

அமீனா அவரைச் சட்டை செய்யாமல், ஈரக் கையோடு வந்து நின்ற மனைவியிடம் திரும்பினார்.

"அவர் சொன்ன விலாசம் இதுதாங்க, வீட்டை வித்த பிறகும் அப்பா உங்ககூடவே இருந்துக்கலாமான்னு கேட்டுவரச் சொன்னார், என்னம்மா எழுதிக்கட்டும்?"