நாணுவின் ஜப்பான் பிரயாணமும் சோயா மொச்சை உசிலியும்

மல்லேஸ்வரம், பெங்களூர்
ஜூலை 1963, திங்கட்கிழமை

மன்னார்குடியில் எழுந்தருளியிருக்கும் என் தமக்கையார் சௌபாக்யவதி அனந்தலக்ஷ்மி அம்மாள் அவர்களுக்கு, தங்கள் இளைய சகோதரன் கஸ்தூரிரங்கன் தண்டன் சமர்ப்பித்து எழுதிக்கொள்வது. இவ்விடம் பெருமாள் கிருபையால் நானும் ருக்குவும் சிரஞ்சீவி நாணுவும் சௌக்கியம். அவ்விடம் தங்கள் முழங்கால் வலியும் அத்திம்பேருடைய கோபமும் தணிந்திருக்கும் என்று நம்புகிறேன். இதற்கு மேல் தாங்கள், தங்கள் என்று எழுத எனக்குக் கை வரவில்லை. அக்கா, நேரே விஷயத்துக்கு வருகிறேன், நீதான் ஒத்தாசை பண்ண வேண்டும்.

நம் நாணு வேலை பார்க்கும் கைக்கடிகாரத் தொழிற்சாலையில் அவனை ஒரு வருஷப் பயிற்சிக்கு ஜப்பானுக்கு அனுப்புவதாகச் சொல்லியிருக்கிறார்கள். ஆடி முடிவதற்குள் போகிறேன், போகவில்லை என்று ஒரு வார்த்தை சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் அந்த இடம் அடுத்தவனுக்குப் போய்விடும். எனக்கு இதில் ஒரு ஆட்சேபமும் கிடையாது. சர்க்கார் உத்தியோகம் பார்த்து ரிடையர் ஆனவன், நாலும் தெரிந்தவன், பிள்ளை முன்னுக்கு வருவதைத் தடுப்பேனா? தடங்கலெல்லாம் ருக்குதான். பெற்ற மனசு இல்லையா, பாவம். விஷயத்தைக் கேட்டதும் "அங்கே என்ன சாப்பிடுவான்?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்டுவிட்டு அரிசி களையப் போய்விட்டாள். அந்த ஒரு கேள்விக்குப் பின்னால் எத்தனை கேள்வி அடைந்து கிடக்கும் என்று எனக்குத் தெரியாதா? அவள் சார்பில் நானே நாணுவை உட்காரவைத்துக் கேட்டேன். குளிர் தாங்குமா, ஜுரம் வந்தால் யார் மிளகு சாத்தமுதில் சாதம் கரைத்துக் கொடுப்பார்கள், அங்கே பூமி அடிக்கடி ஆடுமாமே, ஆடினால் நீ எங்கே போய் நிற்பாய், எண்ணெய் தேய்த்துக் குளிக்க வென்னீர் உண்டா என்று எல்லாவற்றையும் கேட்டேன். "அம்மா இதெல்லாம் கேக்கவே இல்லையேப்பா" என்றான். அவள் கேட்கமாட்டாள், உள்ளுக்குள்ளேயே வைத்துக்கொண்டு உருகுவாள், நான்தானே வாய்விட்டுக் கேட்க வேண்டும்.

சாப்பாட்டுக்கு நாணு ஒரு வழி கண்டுபிடித்துக்கொண்டு வந்தான். அவனோடு வேலை பார்க்கும் யூஜின் என்று ஒருவர், லிங்கராஜபுரத்துக்காரர், கிறிஸ்தவர், தங்கமான மனுஷர், போன வருஷம் ஒஸாகாவில் இருந்துவிட்டு வந்தவர். அங்கே சோயா மொச்சையிலிருந்து டோஃபு என்று ஒன்று பண்ணுகிறார்களாம். மொச்சையை ஊறவைத்து அரைத்துப் பாலெடுத்து, அந்தப் பாலைக் கட்டியாக்கித் துண்டு போட்டு, காய்கறியோடு வாணலியில் பெரிய தீயில் புரட்டி எடுத்தால் ஆச்சாம். மாம்சமும் இல்லை, முட்டையும் இல்லை. இதைச் சாப்பிட்டே ஒரு வருஷத்தை ஓட்டிவிடலாம் என்று யூஜின் சொன்னதோடு, ஹெப்பாளில் எங்கோ விதைக்கு வைத்திருந்த மொச்சையில் ஒரு பையும் வாங்கிக் கொடுத்தனுப்பிவிட்டார். ருக்கு அதில் ஒன்றை எடுத்துக் கடித்துப் பார்த்து, "முதல்ல இங்கே பண்ணிப் பாக்கலாம். வாய்ல வெக்க வழங்கித்துன்னா மேலே யோசிக்கலாம்" என்றாள். ஆக, பிள்ளை ஜப்பான் போவதும் போகாததும் ஒரு பை மொச்சையில் வந்து நின்றது.

ஊறவைத்தாள், ஆட்டுக்கல்லில் அரைத்தாள். வடிகட்டத் துணி வேண்டும் என்று என் புது மல் வேஷ்டியைக் கேட்டாள், பிள்ளைக்காகக் கொடுத்தேன். அவள் பாலை ஸ்டவ்வில் ஏற்றிவிட்டு என்னைக் கூப்பிட்டாள், நான் போவதற்குள் அது நுரைத்துப் பொங்கி வழிந்து ஸ்டவ்வை அணைத்து, தளிகை உள் முழுவதும் மொச்சை நாற்றம். அடுத்த வீட்டு ஜகதாம்பாள் சுவருக்கு அந்தப்பக்கத்திலிருந்து, "என்ன மாமி, சாயம் காச்சறேளா?" என்று கேட்டாள். சரி, பால் வந்துவிட்டது, இனிமேல் கெட்டியாக வேண்டும் என்று நாணு சொன்னான். அவ்வளவுதானே என்று ருக்கு சிரித்தாள். "பால் கெட்டியாகணும்னா உறை குத்தணும். இதைக் கத்துக்க ஜப்பானுக்கா போகணும்?" என்று ஒரு கரண்டி மோரை ஊற்றிக் கலக்கி, கல்சட்டியில் மூடி வைத்துவிட்டாள். மறுநாள் காலையில் திறந்தால் கட்டியும் இல்லை, தண்ணீரும் இல்லை, மோந்து பார்த்தால் மொச்சையும் புளித்த மோரும் சண்டை போட்டுக்கொண்டிருந்தன. அவளுக்கு எதையும் கொட்டிப் பழக்கமில்லை. தேங்காயும் மிளகாயும் அரைத்துவிட்டு மோர்க்குழம்பாக்கிவிட்டாள். நாணு தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டான். எனக்குத்தான் தொண்டையில் இறங்கவில்லை. குழந்தை ஒரு வருஷம் இதைச் சாப்பிட வேண்டுமா என்று அவள் சார்பில் மனசு பதறி, "போகலைன்னே சொல்லிடலாமா?" என்று கேட்டேன். "உப்பு ஒரு கல்லு கம்மி, அவ்வளவுதான்" என்றாள் ருக்கு.

நாணு போய் யூஜினிடம் சொல்லியிருக்கிறான். அவர் தலையில் அடித்துக்கொண்டு, உறை குத்தக் கூடாது, பாலைத் திரிக்க வேண்டும், ஜப்பானில் கடலுப்பிலிருந்து வடித்த ஒன்றை ஊற்றுவார்கள், இங்கே அதற்குப் பதில் எப்ஸம் ஸால்ட் போதும், ஞாயிற்றுக்கிழமை நானே வந்து காட்டித் தருகிறேன் என்று சொல்லியனுப்பினார். எப்ஸம் ஸால்ட் என்றால் நம் பேதி உப்பு. எவ்வளவு வேண்டும் என்று எனக்குத் தெரியாது, சமையலுக்குத்தானே என்று கோவிந்தப்பா மருந்துக் கடையில் போய் அரை வீசை கேட்டேன். கோவிந்தப்பா மூக்குக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "யாருக்கு ஸ்வாமி?" என்றார். ஆத்தில் எல்லாருக்கும், வருகிற ஞாயிற்றுக்கிழமை ஒரு விருந்தாளியும் வருகிறார் என்றேன். "அடிகெகா?" என்று கன்னடத்தில் ஒரு தடவை, "சமையலுக்கா?" என்று தமிழில் ஒரு தடவை கேட்டார். ஆமாம் என்றேன். ஜாடியை எடுத்து உள்ளே வைத்துப் பூட்டிவிட்டார். நான் வீடு வந்து சேர்வதற்குள் எனக்கு வயிற்றில் ஏதோ கோளாறு, அது தலைக்கும் ஏறிவிட்டது என்று எட்டாவது கிராஸ் முழுக்கப் பேச்சு. ஜகதாம்பாள் ஒரு சொம்பு கஞ்சியோடு வந்து நின்றாள். வாக்கிங் போகும்போது தெரிந்தவர்களெல்லாம் என் வயிற்றைப் பார்த்தே குசலம் விசாரிக்கிறார்கள். இத்தனைக்கும் பிறகு ருக்கு சாவகாசமாக, "எலுமிச்சம்பழம் பிழிஞ்சாலும் பால் திரியுமே, அதைப் பிழிஞ்சா போறாதா?" என்றாள். இதை நான் கடைக்குப் போகுமுன் சொல்லியிருக்கலாம்.

நேற்று ஞாயிற்றுக்கிழமை, யூஜின் மாதா கோவில் பூசை முடித்துவிட்டு நேரே வந்துவிட்டார், கையில் கறுப்பாக ஒரு புட்டி. நம் ஆத்துத் தளிகை உள்ளில் நம் மனுஷாளே மடி இல்லாமல் கால் வைக்க முடியாது என்பது உனக்குத் தெரியும். வந்தவரை எங்கே நிறுத்துவது, மனசு நோகாமல் என்ன சொல்வது என்று நான் வாசலுக்கும் உள்ளுக்கும் நடந்துகொண்டிருந்தேன். ருக்கு ஸ்டவ்வையும் இருப்புச்சட்டியையும் எடுத்துக்கொண்டு போய்க் கொல்லையில் கிணற்றடியில் வைத்துவிட்டாள். "நாணு, நீயே பண்ணு. அவர் சொல்லட்டும், நான் பாக்கறேன். அங்கே போனா நானா வரப்போறேன்?" என்றாள்.

யூஜின் துவைக்கிற கல்லில் உட்கார்ந்துகொண்டார். பால் கொதித்தது, நாணு எலுமிச்சம்பழத்தைப் பிழிந்தான், பால் திரிதிரியாகப் பிரிந்தது. நம் ஆத்தில் பால் திரிந்தால் சகுனம் பார்க்கிறவர்கள் நாம், இங்கே எல்லாரும் சுற்றி நின்று வேண்டுமென்றே திரித்து, "ஆஹா, திரிஞ்சுடுத்து!" என்று சந்தோஷப்பட்டோம். என் வேஷ்டியில் முடிந்து, மேலே அம்மிக்குழவியை வைத்தார்கள். நன்றாக இறுக வேண்டும், பொறுத்திருக்க வேண்டும் என்றார் யூஜின். எனக்கோ பெருமாள் திருவாராதனத்துக்கு நேரமாகிக்கொண்டிருக்கிறது. ஆச்சா, ஆச்சா என்று நான் கேட்டுக்கொண்டே இருந்ததில் நாணு பாதியிலேயே அவிழ்த்துவிட்டான். பார்க்க வெண்ணெய்க்கட்டி மாதிரி நன்றாகத்தான் இருந்தது. பீன்ஸ், கோஸ், காரட், குடைமிளகாய் எல்லாம் நீளநீளமாக நறுக்கியாயிற்று. "தீ ஃபுல்லா இருக்கணும் தம்பி, மூடக் கூடாது, காய் பல்லுல கடிபடணும்" என்றார் யூஜின். அரைவேக்காட்டைச் சாப்பிட்டால் வயிறு என்னத்துக்கு ஆகும் என்று ருக்கு சார்பில் கேட்டேன். ஜகதாம்பாள் சுவருக்கு மேலே எட்டிப் பார்த்து, "மாமாவுக்கு வயிறு இன்னும் சரியாகலையா?" என்றாள். 

கடைசியில் டோஃபுத் துண்டுகளைப் போட்டுப் புரட்டினான் பார், அத்தனையும் உதிர்ந்து தூளாகிவிட்டது. ஒரு துண்டுகூட முழுசாக இல்லை. யூஜின் எழுந்து வந்து பார்த்துவிட்டு, "அடடா, போச்சுங்க சார்" என்றார். நாணுவின் முகம் தொங்கிப் போய்விட்டது, கரண்டியைக் கீழே வைத்துவிட்டான். ஜப்பான் அத்தோடு முடிந்தது என்று நினைத்துக்கொண்டேன். ருக்கு குனிந்து பார்த்தாள்.

"ஏண்டா மூஞ்சியைத் தொங்கப் போட்டுக்கறே? இது உசிலிடா. நாம பருப்பை அரைச்சு உதிர்க்கறோம், இது தானே உதிர்ந்துடுத்து. கடுகு, மிளகாவத்தல், பெருங்காயம் தாளிச்சுக் கொட்டு."

"எவ்வளவு பெருங்காயம்மா?"

"உன் மூக்குக்குத் தெரியும், போடு."

போட்டான். வாசனை வந்ததும் ஜகதாம்பாள் சுவருக்கு மேலே இன்னும் கொஞ்சம் எட்டிப் பார்த்தாள். யூஜின் தன் புட்டியை நீட்டினார், ஷோயு என்று பெயராம், ஜப்பானில் உப்புக்குப் பதில் இதைத்தான் விடுவார்களாம். அதில் மீன் உண்டா, சாராயம் உண்டா என்று நான் விசாரித்தேன். "இல்லீங்க சார், இதே சோயா, கோதுமை, உப்பு. ஊறுகா மாதிரி ஊறவெச்சது" என்றார். ருக்கு, "நீங்க உங்க இலையில விட்டுக்கோங்கோ. கடையில வாங்கினது பெருமாளுக்கு ஆகாது" என்றாள். இந்தக் கொல்லைச் சமையலில் பெருமாள் எங்கே வந்தார் என்று எனக்குப் புரியவில்லை.

அக்கா, அடுத்தது என்ன பண்ணினாள் என்று கேள். அந்த உசிலியை ஒரு கிண்ணத்தில் எடுத்துக்கொண்டுபோய், சாதம், சாத்தமுதோடு சேர்த்துப் பெருமாள் முன்னால் வைத்துவிட்டு, "இதையும் கண்டருளப் பண்ணுங்கோ" என்றாள். நான் அப்படியே நின்றேன். மடி இல்லை, கொல்லையில் பண்ணினது, பண்ணினவன் கால்சட்டையோடு பண்ணியிருக்கிறான், கண்டருளப் பண்ணுமுன் நாலு பேர் கண்ணில் பட்டாயிற்று. ஏகாதசியன்று பச்சைத் தண்ணீர் குடிக்கக்கூட என்னைக் கேள்வி கேட்கிறவள் இவள். "ருக்கு, உனக்கு உடம்பு சரியாத்தானே இருக்கு?" என்றேன். "மணியை அடியுங்கோ, ஆறிடும்" என்றாள். அடித்தேன். பெருமாள் ஒன்றும் சொல்லவில்லை.

கூடத்தில் இலை போட்டு எல்லாரும் சாப்பிட்டோம். உள்ளதைச் சொல்ல வேண்டும், நன்றாகவே இருந்தது. யூஜின் கேட்டுக் கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டு, "அம்மா, ஒஸாகாவில இது கெடச்சிருந்தா நான் எளைச்சே இருக்கமாட்டேன்" என்றார். அவர் போனபிறகு நான் ருக்குவிடம், இப்போது என்ன சொல்கிறாய், அனுப்பலாமா கூடாதா என்று கேட்டேன். "நகருங்கோ, இலையை எடுத்துட்டு எச்சில் இடணும்" என்று பதில். பார்த்தாயா? அவ்வளவு பாடுபட்டும் மனசு இளகவில்லை. வாயால் சரி என்று ஒரு வார்த்தை வரவில்லை.

ஆகையால் நீ அவளுக்கு ஒரு கடிதம் எழுத வேண்டும். நான் சொன்னால் கேட்கமாட்டாள், நாத்தனார் சொன்னால் மரியாதைக்காவது கேட்பாள். கொஞ்சம் கண்டிப்பாகவே எழுது. பிள்ளை என்றால் ஒருநாள் படி இறங்கத்தான் போகிறான், முந்தானையில் முடிந்து வைத்துக்கொள்ள முடியாது என்று எழுது. சாயங்காலம் வாசலில் சைக்கிள் மணி கேட்காவிட்டால் முதலில் என்னவோபோல்தான் இருக்கும், பிறகு பழகிவிடும் என்று எழுது. கூடத்தில் ஒரு இலை குறைவதால் யாரும் செத்துப் போய்விடமாட்டார்கள், ஒரு வருஷம் ஓடிவிடும் என்று எழுது. இந்த வார்த்தையெல்லாம் இப்படியே இருக்கட்டும், நான் யோசித்து எழுதியிருக்கிறேன்.

அத்திம்பேருக்கு நான் தண்டன் சமர்ப்பித்ததாகச் சொல்லவும். உன் பெண் பாமாவுக்கும் அவள் குழந்தைகளுக்கும் என் ஆசீர்வாதங்கள், எல்லாரும் பல்லாண்டு நோய்நொடி இல்லாமல் இருக்கப் பெருமாளைப் பிரார்த்திக்கிறேன். உன் முழங்காலுக்கு நான் சொன்ன தைலத்தையே தேய், அத்திம்பேர் சொல்வதைத் தேய்க்காதே.

உன் தம்பி
கஸ்தூரிரங்கன்

பி.கு.: கவரை ஒட்டப் போகும்போது ருக்கு வந்து, யாருக்கு இத்தனை நீளம் என்று கேட்டாள். படித்துக் காட்டினேன். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கிறாள். "நான் எப்போ போகப்படாதுன்னேன்? என்ன சாப்பிடுவான்னு கேட்டேன், தெரிஞ்சுடுத்து. அவன் கையால பண்ணினதைப் பெருமாளுக்குக் கண்டருளப் பண்ணச் சொன்னேனே, அதுக்கு மேலே வாயால வேற சொல்லணுமா?" என்றாள். நாணுவுக்கு அது நேற்றே புரிந்துவிட்டதாம், இன்று காலையில் ஆபீசில் போகிறேன் என்று சொல்லியும் விட்டானாம். மொட்டை மாடியில் அவனுக்கென்று மிளகாய் காய்கிறது. சின்ன இருப்புச்சட்டி ஒன்று டிரங்குப் பெட்டிக்குள் ஏறிவிட்டது. "குளிரு, ஜுரம், பூமி ஆடறது, இதெல்லாம் கேட்டுண்டே இருந்தது யாரு?" என்று கேட்டுவிட்டு அவள் உள்ளே போய்விட்டாள்.  நேற்று சாப்பாடானதும் நாணு கிணற்றடியில் குந்திக்கொண்டு சமைத்த சட்டியைத் தானே தேய்த்துக் கழுவிக் கவிழ்த்துவைத்தான், ஒருவரும் சொல்லவில்லை. அதைப் பார்த்தபின் ராத்திரி இரண்டு தடவை எழுந்துபோய் அவன் தூங்குகிறானா என்று பார்த்துவிட்டு வந்தேன் அக்கா. அதனால் நீ ருக்குவுக்கு ஒன்றும் எழுத வேண்டாம். அந்தக் கடிதத்தை, நான் மேலே சொன்னபடியே ஒரு வார்த்தை குறைக்காமல், எனக்கு எழுது. கார்டில் எழுதிவிடாதே, கவரில் போட்டு ஒட்டி அனுப்பு. தபால்காரர் கோவிந்தப்பா கடைத் திண்ணையில்தான் உட்கார்ந்து கார்டெல்லாம் படிக்கிறார்.