எவரும் என்றால் மனுதாரரும்தான்

குழித்துறை,
வியாழன்.

அன்புள்ள மருமகன் வக்கீல் ஷாஜனுக்கு, மாமா யேசுரத்தினம் எழுதிக்கொள்வது. கர்த்தர் கிருபையால் இங்கே எல்லோருக்கும் சுகம், எனக்குச் சர்க்கரை மட்டும் கொஞ்சம் கூடுதல். மதுரையில் நீயும் உன் அம்மாவும் சுகமாயிருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

நீ கோர்ட்டில் வாங்கித் தந்த போலீஸ் பாதுகாப்பில் நம் ஏத்தன் வாழைக்குலை லாரி நேற்று கேரள எல்லை தாண்டிவிட்டது. ஓணத்துக்கு நாலே நாள். நேற்றும் போகாதிருந்தால் குலையெல்லாம் பழுத்துப்போய், சிப்ஸ் போடுகிறவன் திரும்பியே பார்த்திருக்க மாட்டான். இப்போதுதான் மூச்சு வருகிறது மருமகனே. ஆனால் லாரி போன விதம் இருக்கிறதே, அதைக் கேள்.

லாரி போனால் ரோடு நொறுங்கும் என்று பத்து நாளாய்த் தெருமுக்கில் பெஞ்சைக் குறுக்கே போட்டு மறித்தானே பக்கத்து வீட்டு சுயம்புராஜ், அவன் முன்னால் ஏட்டு பொன்னுலிங்கம் நின்று, மனுதாரரின் சரக்கு வண்டியை எவரும் எவ்விடத்திலும் நிறுத்தக் கூடாது என்று உத்தரவை வாசித்தார். பெஞ்சை அவனே தூக்கி ஓரமாய் வைத்தான். நான் கண்ணைத் துடைப்பதற்குள் ஏட்டு லாரியில் என் இடத்தில் ஏறி உட்கார்ந்து, டிரைவர் ஜெரிஷை வண்டியை எடுக்கச் சொல்லிவிட்டார். பில்லெல்லாம் என் கையில். நடுரோட்டில் நின்று கையைக் காட்டினேன். ஏட்டு தலையை நீட்டி, "எவரும்னா மனுதாரரும்தான் ஓய், மாறி நில்லும்" என்றார்.

பில் இல்லாமல் செக்போஸ்டில் கிடந்தால் குலை என்ன கதி ஆகும்? செருப்பில்லாமல் ஓடினேன். பின்னாலேயே ஒரு பைக் வந்து நின்றது, பார்த்தால் சுயம்புராஜ், ஏறச் சொல்கிறான். பத்து நாள் லாரியை நிறுத்தினவன் இப்போ அதைத் துரத்துறதுக்கு என்னையும் ஏத்திக்கிட்டுப் பறக்கான். படந்தாலுமூட்டில டீக்கு நிறுத்துவாங்கன்னு பாத்தோம், இல்லை; ஜெரிஷ் பாவம், ஒண்ணுக்குக்கூட இறங்கப்படாதுன்னு ஏட்டு சொல்லிட்டாராம். களியக்காவிளை செக்போஸ்டில் ஏட்டின் எல்லை முடிந்து அவர் இறங்கின பிறகுதான் பில்லைக் கொடுத்தேன். குலை பச்சையாகவே போய்ச் சேர்ந்தது என்று காலையில் போன் வந்தது. ஸ்தோத்திரம்.

திரும்பி வரும்போது சுயம்புராஜிடம், உனக்கு மெய்யாகவே ரோடுதான் பிரச்சினையா என்று கேட்டேன். பைக்கை ஓரமாய் நிறுத்திவிட்டுச் சொன்னான்:

"உம்ம மூத்த மவ கல்யாணத்துக்கு நீரு வீட்டுல வந்து விளிக்கல்லியே அண்ணே. வாட்சாப்புல கார்டு அனுப்பினீரு. நடுவுல ஒரு மதிலுதானே இருக்கு?"

எனக்கு வெட்கமாகிப் போச்சு. ஒரு மதிலைச் சுத்தி நடக்கச் சோம்பல்பட்டவன் ஹைகோர்ட் வரைக்கும் போயிருக்கேன் பாரு. சாயங்காலமே அவன் வீட்டுப் படியேறி, இளையவள் நிச்சயத்துக்கு வாயால் விளித்து, டீயும் குடித்துவிட்டு வந்தேன். ஆகவே அந்த உத்தரவை வாபஸ் வாங்கிவிடு.

கர்த்தர் உன் வக்கீல் தொழிலை ஆசீர்வதிப்பாராக. உன் அம்மா, என் அருமை அக்கா குளோரிக்கு என் அன்பைச் சொல்லவும்.

இப்படிக்கு,
மாமா யேசுரத்தினம்

பி.கு.: ஞாயிற்றுக்கிழமை நிச்சயத்துக்கு உனக்கும் அக்காவுக்கும் வாட்சாப்பில் கார்டு அனுப்பியிருக்கிறேன். மதுரை தூரமல்லவா, நேரில் விளித்ததாக எடுத்துக்கொள்ளவும். அக்காவிடமிருந்து இப்போது ஒரே ஒரு சொல் பதில் வந்திருக்கிறது: "வாறேன்." போன் போட்டால் எடுக்கவில்லை. உத்தரவை வாபஸ் வாங்க வேண்டாம். வண்டியை மறிக்கக் கூடாத அந்த 'எவரும்' என்பதில் கூடப்பிறந்த அக்காவும் சேர்வாளா என்று மட்டும் உடனே பார்த்துச் சொல்லு.