தங்க வலையும் எண்பத்தேழு நாள் லீவும்

தங்க வலையைத் தொடவே மாட்டேன் என்று பல்லுக்காரர் சபதம் எடுத்தது ஒரு புதன்கிழமை காலை, பல் தேய்த்துக்கொண்டே. வாயில் நுரை இருந்ததால் சமையலறைக்குச் சரியாகக் கேட்கவில்லை. துப்பிவிட்டு வந்து இன்னொரு முறை எடுத்தார்.

பல்லுக்காரர் என்பது தெரு வைத்த பேர். அவர் டாக்டர் இல்லை. டாக்டர்கள் பிடுங்கிய இடத்தில் மாட்டுவதற்குப் பல் செட் செய்துகொடுக்கும் பட்டறையில் இருபது வருடமாக வேலை. எந்த வாய்க்கு எந்தப் பல் என்று பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிடுவார். வீட்டில் மட்டும் அவர் பாச்சா பலித்ததே இல்லை.

தங்க வலை என்பது வீடியோ கேமில் வருவது. அவருடைய தம்பி வீடு மாறும்போது விட்டுவிட்டுப் போன கேம். காடு மலையெல்லாம் சுற்றி, விசித்திரமான பிராணிகளை வலை போட்டுப் பிடித்து வளர்க்க வேண்டும். சாதா வலை எத்தனை வேண்டுமானாலும் கிடைக்கும். ஆனால் பெரிய பிராணிகள் அதைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்து கொட்டாவி விடும். தங்க வலை கிழியாது. போட்டால் எப்பேர்ப்பட்ட ராட்சசனும் பிடிபட்டது பிடிபட்டதுதான். ஒரே சங்கடம், விளையாட்டு முழுக்க அது ஒன்றே ஒன்றுதான். ஒரு தடவை வீசினால் தீர்ந்தது.

அந்த ஒன்றை நாலு மாதமாகப் பொத்திப் பொத்தி வைத்திருந்தார். நெருப்பு நரி வந்தது. போடவில்லை. இடிப் பருந்து வந்தது. மூன்று நாள் சாதா வலையோடு மல்லுக்கட்டினாரே தவிர, போடவில்லை. விளையாட்டில் அதற்கென்று இருக்கும் தனிப் பையைத் திறந்து அது பத்திரமாக இருக்கிறதா என்று பார்ப்பதுகூட இல்லை. விரல் தவறி வேறு பொத்தான் அமுங்கிவிட்டால்? வாங்கிய அன்றைக்கு உள்ளே வைத்து மூடியதோடு சரி.

இந்தக் குணம் விளையாட்டோடு நின்றிருந்தால் யாருக்கும் நஷ்டமில்லை. அவர் வீட்டு சோபா ஒன்பது வருடமாக பிளாஸ்டிக் உறைக்குள் இருந்தது. விருந்தாளிகளுக்கென்று வாங்கிய துண்டு, விருந்தாளிகள் வந்ததும் "இவங்களுக்கா?" என்று திரும்ப அலமாரிக்குப் போனது. வாசனை சோப்பு, வாசனை எல்லாம் போய், வெறும் சோப்பாகக் காத்திருந்தது. எல்லாவற்றுக்கும் மேல், லீவு. பட்டறையில் அவர் எடுக்காமல் சேர்த்து வைத்த லீவு மட்டும் எண்பத்தேழு நாள்.

அவர் மனைவி பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவள். தினமும் இருபத்திரண்டு வாண்டுகளை ஏற்றி இறக்குகிறவளுக்கு ஒரே ஒரு ஆசை. ஒரு பத்து நாள் யாரையும் எண்ணிப் பார்க்காமல் கடலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். பக்கத்தில் இந்த மனிதரும் இருக்க வேண்டும். ஆறு வருடமாகக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"திங்கட்கிழமையிலேருந்து பள்ளிக்கூடம் லீவு. வேனும் ஓடாது. கடல் பக்கம் போயிட்டு வரலாமாங்க?"

"லீவா? அதை ஒரு முக்கியமான விஷயத்துக்கு வெச்சிருக்கேன்."

"என்ன விஷயம்?"

"வந்தாத்தானே தெரியும்!"

"எனக்கு வயித்துல ஆபரேஷன் பண்ணாங்களே, அது வரலையா?"

"சின்ன ஆபரேஷன்தான்னு டாக்டரே சொன்னாரே."

"உங்க சொந்தத் தங்கச்சி கல்யாணம்?"

"அது ஞாயித்துக்கிழமை வந்துடுச்சு. நான் என்ன பண்ண?" என்றார் பல்லுக்காரர். "இதப் பாரு, நான் ஒரு நாள் போகலேன்னா பட்டறையே படுத்துடும். ஊர்ல பாதிப் பேர் பொக்கை வாயோட திரிவாங்க. அந்தப் பாவம் நமக்கு எதுக்கு?"

பேச்சை மாற்றத்தான் சபதத்தை மறுபடி எடுத்துவிட்டார். இந்த ஞாயிற்றுக்கிழமை, விளையாட்டின் கடைசிப் பிராணியான மலைவிழுங்கியைப் பிடிக்கப் போகிறார். ஒரே ஒரு தடவைதான் அது குகையை விட்டு வெளியே வரும். தப்பிவிட்டால் தப்பியதுதான். அதையும் சாதா வலையிலேயே பிடித்துக் காட்டப் போகிறார்.

"அதுக்கும் தங்க வலை கிடையாதா?"

"கிடையாது."

"பின்ன எதுக்குத்தாங்க அது?"

"அதைவிடப் பெருசா ஒண்ணு வந்தா?"

"மலைவிழுங்கிதான் கடைசின்னு சொன்னீங்க."

"கடைசிதான். இருந்தாலும்..."

மனைவி தோசைக் கரண்டியோ துடைப்பமோ எதையும் தூக்கவில்லை. சிரித்தாள். "கடைசி நிமிஷத்துல கை நடுங்கிப் போட்டுடுவீங்க. பந்தயமா?"

பல்லுக்காரர் நெஞ்சை நிமிர்த்தினார். தங்க வலை செலவாகிவிட்டால் அவர் பத்து நாள் லீவு எடுத்துக் கடலுக்கு வர வேண்டும். செலவாகவில்லை என்றால் லீவு என்ற வார்த்தையை அவள் ஆயுசுக்கும் எடுக்கக் கூடாது.

"ஆயுசுக்குமா?" என்றாள். அந்த இடத்தில் மட்டும் அவள் குரல் கொஞ்சம் இறங்கியது.

"ஆயுசுக்கும்," என்றவர், சட்டைப் பையிலிருந்து பட்டறையின் மஞ்சள் சீட்டை எடுத்தார்.

அந்தச் சீட்டைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். மேல் தாடை, கீழ் தாடை, நிறம், எத்தனை பல் என்று டாக்டர்கள் நிரப்பி அனுப்பும் சீட்டு அது. "கடைவாய்ப் பல்லைக் காணோமே!" என்று எந்த டாக்டராவது போனில் குதித்தால் பல்லுக்காரர் அசர மாட்டார். "சீட்டுல இருக்கா? இல்லையே? சீட்டுல என்ன இருக்கோ அதுதான் சார்," என்று வைத்துவிடுவார். இருபது வருடத்தில் ஒரு டாக்டர்கூட அவரை ஜெயித்ததில்லை.

'சிறப்புக் குறிப்பு' என்ற கட்டத்தில் அவர் எழுதினார்: ஞாயிறு மாலை ஐந்து மணிக்குத் தங்க வலை பையில் இருந்தால் கணவன் வெற்றி. இல்லாவிட்டால் மனைவி வெற்றி.

"அவ்வளவுதானா? இன்னும் கொஞ்சம் விவரமா எழுதலாமேங்க."

"யாருக்குச் சொல்றே? ஒரு வார்த்தை கூடினா ஒரு தகராறு கூடும். இதான் சீட்டு."

"சரிங்க. நீங்க எழுதினா சரியாத்தான் இருக்கும்," என்று கையெழுத்துப் போட்டாள்.

கல்யாணமான பன்னிரண்டு வருடத்தில் அவள் இப்படி ஒரு வார்த்தை சொன்னதே இல்லை. வேறு யாராக இருந்தாலும் அங்கேயே உஷாராகியிருப்பார்கள். பல்லுக்காரருக்கு உச்சி குளிர்ந்துவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்று மணி. ஒரு தடவைக்குக் கொண்டுபோக முடிந்த எண்பது சாதா வலைகளோடு குகை வாசலில் போய் நின்றார். அதாவது, சோபாவில் உட்கார்ந்தார். மனைவி பக்கத்தில் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தாள்.

மலைவிழுங்கி வெளியே வந்தது. திரையில் அதன் தலை மட்டும்தான் தெரிந்தது, உடம்புக்கு இடம் போதவில்லை. பல்லுக்காரர் வளர்த்த தவளை தாலாட்டுப் பாடி அதைத் தூங்க வைத்தது. நரியும் பருந்தும் மாறி மாறி அடித்து அதன் பலத்தை நூலளவுக்குக் கொண்டுவந்தன. இனி வலைதான்.

முதல் வலை. கிழிந்தது. பத்தாவது வலை. கிழிந்தது. முப்பதாவது வலையில் மலைவிழுங்கி விழித்துக்கொண்டு தவளையை ஒரே மிதி.

"ஐயோ பாவம், தவளை!" என்றாள் மனைவி.

"தவளை போனாப் போகுது, வலை போகுதே!"

"ஆரஞ்சு?"

"எனக்கு இப்ப ஆரஞ்சு ஒண்ணுதான் கேடு!" என்று வாயைத் திறந்தார். ஒரு சுளையை ஊட்டினாள். அறுபதாவது வலை. கிழிந்தது. பிளாஸ்டிக் உறைமேல் அவர் வியர்வையில் வழுக்கி வழுக்கி, பாதி சோபாவிலும் பாதி தரையிலுமாக இருந்தார். எழுபத்தொன்பதாவது வலையும் கிழிந்தபோது மணி நாலே முக்கால். கையில் ஒரே ஒரு சாதா வலை.

"என்னங்க, பாக்கவே பாவமா இருக்கு. அந்தத் தங்க வலையைப் போட்டுடுங்களேன்."

பல்லுக்காரர் திரும்பிப் பார்த்தார். கண் சிவந்திருந்தது. "என்னைக் கவுத்துப் பாக்கறியா? நடக்காது. உயிரே போனாலும் அந்தப் பையைத் திறக்க மாட்டேன்!"

கடைசி வலையை வீசினார். வலை ஒரு தடவை குலுங்கியது. இரண்டாவது தடவை குலுங்கியது. மூன்றாவது தடவை பாதி குலுங்கி, நின்றது. திரை முழுக்க மத்தாப்பு.

"பிடிச்சுட்டேன்! சாதா வலையில மலைவிழுங்கி!" பல்லுக்காரர் சோபாமேல் ஏறிக் குதித்தார். ஒன்பது வருட உறை சர்ரென்று கிழிந்தது. அவர் கவனிக்கவே இல்லை. மனைவியும் கைதட்டினாள், பொய்யாக இல்லை, நிஜமாகவே. மனிதர் இவ்வளவு சந்தோஷமாகக் குதித்து அவள் பார்த்து எத்தனையோ வருடம் ஆகியிருந்தது.

"இனி லீவுங்கற வார்த்தை இந்த வீட்டுல கேக்கக் கூடாது!"

"கேக்காதுங்க. மணி அஞ்சு. சீட்டுப்படி பையை மட்டும் பாத்துடுவோமா?"

நாலு மாதத்தில் முதல் தடவையாகப் பையைத் திறந்தார். உள்ளே ஒன்றுமில்லை. மூடிவிட்டுத் திறந்தார். கையிலிருந்த விளையாட்டுக் கருவியை உதறிவிட்டுத் திறந்தார்.

"எங்கே போச்சு?"

"கிடங்குல பாருங்க."

கிடங்கில், பிடித்த பிராணிகளின் வரிசையில் மலைவிழுங்கிக்கு முன்னால் ஒன்று இருந்தது. சோம்பல் நத்தை. விளையாட்டின் முதல் தெருவில், வேலியோரம் படுத்தே கிடக்கும் நத்தை. பிடிபட்ட விதம்: தங்க வலை. பிடிபட்ட நாள்: வியாழன். செல்லப்பெயர்: என்னங்க.

"இதுக்கா?" பல்லுக்காரர் திரையை விரலால் குத்தினார். "இதுக்கு வலையே வேணாமேடி! கூப்பிட்டாலே பின்னாடி வருமே!"

"எனக்கென்ன தெரியும்? வேன்ல பின்சீட்டு வாண்டுங்க எந்தப் பொத்தான்னு படமே போட்டுக் கொடுத்தாங்க. நீங்க வேலைக்குப் போனப்புறம் போட்டேன். மூஞ்சி எனக்குப் பிடிச்சிருந்தது."

"நான் புதன்கிழமை சேமிச்ச பழைய ஆட்டத்துக்கே திரும்பிப் போயிடுவேன்!"

"எப்படிப் போவீங்க? நாலு நாளா நீங்களே அது மேல முப்பது தடவை புது ஆட்டத்தைச் சேமிச்சிருக்கீங்க."

"நான் வீசலையே! நீதானே வீசினே! செல்லாது!"

"யாரு வீசணும்னு சீட்டுல இருக்கா?"

பல்லுக்காரர் சீட்டைப் படித்தார். திருப்பிப் பின்பக்கமும் படித்தார். எத்தனை டாக்டர்களின் வாயை இந்தச் சீட்டை வைத்து அடைத்திருப்பார்! திரையில் நத்தை அவரைப் பார்த்துக் கொம்பை மெல்ல ஆட்டியது. அவருக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அவளும் சிரிக்க, இரண்டு பேரும் கிழிந்த உறைமேல் சாய்ந்துகொண்டு கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார்கள்.

சிரித்து முடித்ததும் அவருக்கு ஒரு நப்பாசை வந்தது.

"பந்தயம் பந்தயம்தான், ஒத்துக்கறேன். ஆனா நாளைக்கேன்னா எப்படி? முதலாளிகிட்ட கேக்கணுமே. ஒன்பது செட் பாதியில நிக்குது. மனுஷன் அழுதுடுவார்."

"கேட்டாச்சுங்க. போன வாரம் சனிக்கிழமையே."

"சனிக்கிழமையா? பந்தயமே புதன்கிழமைதானே கட்டினோம்!"

"ஆமா."

பல்லுக்காரர் விரல் விட்டு நாளை எண்ணிப் பார்த்தார். பிறகு, இருக்கிற மானத்தையாவது காப்பாற்றிக்கொள்ளலாம் என்று மெல்லக் கேட்டார்: "நான் இல்லாம முடியாதுன்னு ரொம்பக் கெஞ்சியிருப்பாரே?"

"கெஞ்சத்தாங்க செஞ்சார். பத்து நாள் எதுக்கும்மா, எண்பத்தேழையும் ஒண்ணாவே எடுத்துக்கச் சொல்லுங்கன்னு."