நாளைய திருடனை இன்றே பிடித்தவர்

ஊருக்கு ஊர் ஒரு ‘செய்வான்பாரு’ ஆசாமி உண்டு. உங்கள் ஊரிலும் இருப்பார். தேட வேண்டாம், அவரே உங்களைத் தேடி வருவார். நேற்று நடந்த திருட்டைப் பற்றி அவரிடம் கேட்டால் கொட்டாவி விடுவார். அது போலீஸ்காரன் வேலை. நாளைக்கு நடக்கப்போகிற திருட்டைக் கேளுங்கள்! யார், எந்த வீடு, எந்தச் சுவர், ஓட்டை எத்தனை சாண் அகலம் என்று வெற்றிலையைக் குதப்பிக்கொண்டே சொல்லுவார். கருவில் இருக்கிற பிள்ளையைக்கூட விடமாட்டார். “இது தாய்க்கு அடங்காது, பாரு” என்பார். வயிற்றுக்குள் அது ஓர் உதை உதைத்ததுதான் சாட்சி.

ராஜபாளையத்துக்குப் பக்கம் சோழபுரத்தில் இந்த ரகத்துக்கே தலைமகன் ஒருவர் இருந்தார். பெயர் சீனிச்சாமி. நல்ல கிணற்றுப் புஞ்சை, முறுக்கிய மீசை, ஒரு வெள்ளை நாய். அந்த நாய் ஒரு குரை குரைத்தால் செண்பகத்தோப்பு மலையில் ஆனை முட்டி போட்டு உட்கார்ந்துவிடும். காக்கையைக் குரைக்கும், காற்றைக் குரைக்கும், ஆள் கிடைக்காவிட்டால் தன் நிழலையே குரைக்கும். அப்பேர்ப்பட்ட நாய் ஒரு நாள், தெருவோடு போன ஏழை விவசாயி முத்துவீரனைப் பார்த்து வாலை ஆட்டிவிட்டது.

முடிந்தது. இதற்குமேல் என்ன சாட்சி வேண்டும்?

“ஏலே, என்னத்தப் போட்டு என் நாயை மயக்குனே?”

“நான் ஒண்ணும் போடலயே அண்ணாச்சி. அது பாட்டுக்கு ஆட்டுது.”

“சும்மா ஆட்டுமோ? என் வீட்டுச் சுவத்துல ஓட்டை போட்டுக் கன்னம் வைக்கப் போறே! செய்வான் பாருங்கய்யா, இவன் செய்வான்!”

அந்தக் காலத்துச் சட்டத்தில் இப்படிப்பட்ட வாய்க்கென்றே ஓர் இடம் இருந்தது. ஒருவன் திருடியிருக்க வேண்டியதில்லை. திருடுவான் என்று பெரிய மனுசர் சொன்னால் போதும். ‘ஒழுங்காக இருப்பான்’ என்று யாராவது ஜாமீன் நிற்கிறவரை உள்ளே வைக்கலாம். ஸ்ரீவில்லிபுத்தூர் மாஜிஸ்திரேட், “ஊரில் மதிப்பும் யோக்கியதையும் உள்ள கனவான் சீனிச்சாமி சொல்வதால்” என்று ஆரம்பித்து ஓர் உத்தரவு போட்டார். முத்துவீரன் சப்ஜெயிலுக்குப் போனான். அந்த ஒரு வரியைச் சீனிச்சாமி மனப்பாடம் பண்ணி, சந்தையில் சொன்னார், கல்யாணப் பந்தியில் சொன்னார், சாவு வீட்டில் ஒப்பாரி சற்று ஓய்ந்த நேரம் பார்த்தும் சொன்னார். கையோடு, “அவனுக்கு எவனாச்சும் ஜாமீன் நின்னியன்னா, அவன் திருடுன அன்னைக்கு உங்க நிலம் ஜப்தி” என்றும் சொல்லி வைத்தார். பிறகு யார் நிற்பார்கள்?

இங்கே முத்துவீரனின் கரிசலில் பருத்தி வெடித்து நின்றது. பெண்டாட்டி வெள்ளத்தாய் ஒற்றை ஆளாக எடுத்தாள். அவள் முன்னால் எடுக்க எடுக்க, பின்னால் வெடித்துக் காற்றோடு பறந்தது. மேற்கே மேகம் வேறு கூடிக்கொண்டு வந்தது. ஒரு மழை விழுந்தால் வருசத்துக் கஞ்சி போச்சு. இப்படிப்பட்ட உத்தரவுகளைத் திருப்பிப் பார்க்க ஜில்லா கோர்ட்டு துரை ஸ்ரீவில்லிபுத்தூருக்கு முகாம் வந்திருக்கிறார் என்று கேள்விப்பட்டு, நடந்தே போய் அவர் முன்னால் நின்றாள்.

“சாமி, செய்யாத தப்புக்கு இப்பமே அடைச்சு வச்சிருக்கிய. பொறவு அவரு வெளிய வந்து அந்தத் தப்பைச் செஞ்சா, இதை அதுல கழிச்சுக்கிடுவியளா?”

துரை பேனாவைக் கீழே வைத்து உத்தரவைப் புரட்டினார்; சாட்சி என்று அதில் நாயின் வால் ஒன்றுதான் இருந்தது. பரீட்சைக்குத் தமிழ் படித்தவர்; அவர் வாயைத் திறந்தால் கோயில் கல்வெட்டு எழுந்து நடந்து வருகிற மாதிரி இருக்கும். “அந்த நாயை இங்கே அழைத்து வருக” என்றார்.

சப்ஜெயிலிலிருந்து முத்துவீரனைக் கொண்டுவந்தார்கள்; சீனிச்சாமியோடு நாய் வந்தது. டவாலிச் சேவகன் மேசைமேல் ஏறினான். குமாஸ்தா மேசைக்குக் கீழே போனார். முத்துவீரனைக் கண்டதும் வால் பம்பரமாகச் சுற்றியது.

“பாத்தியளா எஜமான்! நான் சொல்லலே?” சீனிச்சாமி மீசையைத் தடவினார்.

நாய் அதோடு நிற்கவில்லை. நேரே மேடையில் ஏறி, துரையின் பூட்சை முகர்ந்து, மடியில் முன்னங்காலை வைத்து, வாலை ஆட்டிய ஆட்டில் மைக்கூடு உருண்டது.

துரை கேட்டார்: “கனவானே, நான் எப்பொழுது உமது வீட்டில் கன்னம் வைப்பேன்?”

வேறு ஆளாக இருந்தால் நெடுஞ்சாண்கிடையாக விழுந்திருப்பான். நம் ஆசாமி? துரையை மேலும் கீழும் பார்த்தார். உதடு துடித்தது. ‘செய்வான்’ என்பது தொண்டைவரை வந்துவிட்டது. பாவம், அதை விழுங்குவதற்குள் கண்ணில் தண்ணீர் கட்டிவிட்டது.

துரைக்கு அது போதும். உத்தரவைக் கையில் எடுத்தார். “ஜாமீன் கிடைத்தால் இவன் இன்றே போகலாம். இதிலே ஊரில் யோக்கியதை உள்ள கனவான் என்று எழுதப்பட்டவர் நீர் ஒருவரே. நீர் ஜாமீன் நிற்கிறீரா? அல்லது அந்த வரியை அடித்து, உத்தரவையும் கிழித்துவிடட்டுமா?” பேனாவை மையில் தோய்த்தார்.

அந்த வரியையா? நாளைக்குச் சந்தையில் எதைச் சொல்லுவது?

“அடிச்சிராதிய எஜமான்! நிக்கேன்! என் புஞ்சைமேல நிக்கேன்!”

அன்றைக்குச் சாயங்காலம் முத்துவீரனும் வெள்ளத்தாயும் ஓட்டமும் நடையுமாகப் பருத்திக் காட்டுக்குப் போனார்கள். பின்னாலேயே சீனிச்சாமி. அவர் பின்னால் நாய். இவன் ஒரு புளியங்கொட்டையைத் திருடினாலும் புஞ்சை போய்விடுமே! மறுநாளும் அவன் எந்தப் பருத்திச் சாலில் நின்றானோ அந்தச் சாலில் அவரும் நின்றார். சும்மா நின்றால் கண் அசரும் என்று பருத்தி எடுத்தார். கனவான் கை, ஆனாலும் நல்ல கை. கடைசிச் சுளையை எடுத்து மூட்டை கட்டுவதற்கும் மழை கொட்டுவதற்கும் சரியாக இருந்தது.

கிளம்பும்போது வெள்ளத்தாய் வழியை மறித்தாள். “அண்ணாச்சி, மடியைச் செத்த உதறிட்டுப் போங்க. நீங்க செய்வியன்னு சொல்லலே. சும்மா, முன்கூட்டியே பாத்துக்கிடலாமேன்னுதான்.”

அதற்குப் பிறகு சோழபுரத்தில் எவன் வீட்டுக் கோழி காணாமல் போனாலும் முதல் ஆளாக ஓடி வருகிறவர் சீனிச்சாமிதான். “முத்துவீரனா? செய்யவே மாட்டான்! எவன்லே சொன்னது?”

சரி, நீங்கள் சொல்லுங்கள். இந்த முத்துவீரன் கடைசியில் எப்படியும் கன்னம் வைக்கத்தான் போகிறான் என்று நடுவில் ஒரு தடவை நினைத்தீர்களா இல்லையா? நினைத்தீர்கள். இப்போது ‘நானா? சேச்சே!’ என்று தலையை ஆட்டப் போகிறீர்கள்.

ஆட்டுவீர்கள், பாருங்கள்.